ஒருவழிச் சாலையும் நம் மோட்டார் சைக்கிளும்



தோட்டத்துக்குள் ஓடும் செம்மண் சாலைக்கு வலம் இடம் என்று ஒன்றும் கிடையாது. மேடு எந்தப் பக்கமோ அந்தப் பக்கம் போகிறோம். பள்ளத்தில் தண்ணீர் நின்றால் மறுபக்கம் ஒதுங்குகிறோம். எதிரே குலை ஏற்றிய லாரி வந்தால் செம்பனை மரத்தடியில் வண்டியை நிறுத்தி, ஓட்டுநரிடம் நாலு வார்த்தை பேசிவிட்டுப் போகிறோம். அங்கே அறிவிப்புப் பலகை வேண்டியதில்லை. ஓட்டுகிற எல்லாரும் ஒருவரை ஒருவர் அறிந்தவர்கள். நம்மில் பெரும்பாலோர் மோட்டார் சைக்கிள் ஓட்டப் பழகியது இந்தச் சாலையில்தான். பழகிய கையும் பழகிய கண்ணும் அப்படியே தோட்டத்து வாசலைத் தாண்டித் தார்ச்சாலையில் ஏறிவிடுகின்றன. அங்கேதான் தொல்லை தொடங்குகிறது.

ஒருவழிச் சாலை என்றதும் சிலர், அது பட்டணத்துச் சமாச்சாரம், பினாங்குத் தீவுக்குள் கார் ஓட்டுகிறவர்கள் கவலைப்பட வேண்டியது என்று நினைப்பதுண்டு. அது சரியன்று. நாம் மருத்துவமனைக்கும், பிள்ளைகளுக்குத் துணிமணி வாங்கவும் போகிற செபராங் ஜெயாவையே எடுத்துக்கொள்ளுங்கள். பினாங்கு மேம்பாட்டுக் கழகம் 1970களில் திட்டமிட்டு உருவாக்கிய நகரம் அது. தெருக்களுக்கு ஜாலான் தெங்கிரி, ஜாலான் தோடாக் என்று மீன்களின் பெயர். தெங்கிரி நம் வஞ்சிரம்தான். 1985இல் பினாங்குப் பாலம் திறக்கப்பட்டது. வடக்கு தெற்கு நெடுஞ்சாலையும் பட்டர்வொர்த் கூலிம் விரைவுச்சாலையும் அந்த நகரத்தின் பக்கத்திலேயே ஒன்றையொன்று சந்திக்கின்றன. இத்தனை பெரிய சாலைகள் கூடும் இடத்தில் சாலைகள் எப்படி இருக்கும்? நடுவே திண்டு கட்டி, போகும் பாதி ஒரு பக்கம், வரும் பாதி மறுபக்கம் என்று பிரித்து வைத்திருப்பார்கள்.

இந்த நடுத்திண்டுதான் இன்றைய பேச்சின் முக்கியப் பொருள். திண்டு கட்டிப் பிரித்த சாலையை நாம் ஒரே சாலை என்று நினைக்கிறோம். உண்மையில் அது பக்கத்துப் பக்கத்தில் கிடக்கும் இரண்டு ஒருவழிச் சாலைகள். அங்கே 'ஜாலான் செஹாலா' என்ற பலகை அடிக்கு ஒன்றாக நட்டிருக்க மாட்டார்கள். திண்டே பலகை. அதைப் பார்த்தவுடன், திண்டு எனக்கு வலப்பக்கம் இருக்கிறதா என்று கேட்டுக்கொள்ள வேண்டும். நம் நாட்டில் சாலையின் இடப்பக்கம் ஓட்டுகிறோம். ஆகவே திண்டு எப்போதும் ஓட்டுகிறவரின் வலக்கைப் பக்கம் இருக்க வேண்டும். அது இடக்கைப் பக்கம் இருந்தால் நாம் எதிர்த்துப் போகிறோம். மலாய்க்காரர்கள் இதை 'லாவான் அருஸ்' என்பார்கள், நீரோட்டத்தை எதிர்ப்பது என்று பொருள். நல்ல சொல்.

தீவுக்குள்ளே, ஜார்ஜ் டவுன் பழைய நகரத்தில் இருப்பது வேறு வகை ஒருவழி. 1786இல் பிரான்சிஸ் லைட் வந்திறங்கிய பிறகு கோடு போட்டு அமைத்த தெருக்கள் அவை. லெபோ சூலியா, லெபோ பந்தாய் போன்றவை அந்தக் காலத்தவை. மாட்டு வண்டியும் கால்நடையாகப் போகும் மனிதரும் மட்டுமே கண்ணில் பட்ட காலம் அது. அந்த அகலத்துக்கு அவை போதும். இன்று கார் வந்துவிட்டது, பேருந்து வந்துவிட்டது. தெருவை அகலப்படுத்தலாம் என்றால் இரு பக்கமும் பழைய கடைவீடுகள். 2008இல் அந்த நகரம் யுனெஸ்கோவின் உலக மரபுடைமை இடங்களில் சேர்க்கப்பட்டது. வீட்டை இடித்துத் தெருவை அகலமாக்கும் பேச்சுக்கு இடமில்லை. தெரு நீளாது, அகலாது. மாற்றக்கூடியது வண்டி போகும் திசை ஒன்றுதான். அதனால் பல தெருக்களை ஒருவழியாக்கி வைத்திருக்கிறார்கள். இது புதிய யோசனையும் அன்று. லண்டனில் தேம்ஸ் நதிக்கரையை ஒட்டிய குறுகிய சந்துகளில் சரக்கு வண்டிகள் ஒன்றோடொன்று முட்டி நின்றபோது, 1617இலேயே இப்படி ஒரு திசை விதியைப் போட்டுப் பார்த்திருக்கிறார்கள்.

பேருந்தில் போகிறவர்களுக்கு இந்த இடத்தில் ஒரு செய்தி. ஒருவழித் தெருக்கள் நிறைந்த நகரத்தில் பேருந்து போகும் தெரு ஒன்று, திரும்பும் தெரு வேறு. காலையில் இறங்கிய இடத்துக்கு எதிர்ப்பக்கம் நின்று மாலையில் பேருந்துக்குக் காத்திருக்கும் நம் அம்மாமார்களைப் பார்த்திருக்கிறேன். ஒரு மணி நேரம் நின்றாலும் அங்கே வராது. இறங்கும்போதே, "திரும்பிப் போக எங்கே ஏறணும் தம்பி?" என்று ஓட்டுநரிடம் கேட்டு வைத்துக்கொள்வது நல்லது.

சரி, ஒரு திசையில் மட்டும் விடுவதால் என்ன லாபம்? நெரிசல் குறைகிறது என்பது பாதி விடைதான். இரண்டு இருவழிச் சாலைகள் கூட்டல் குறி போல் வெட்டிக்கொள்ளும் ஒரு சந்தியைத் தாளில் வரையுங்கள். நேரே போகிறவர், இடப்பக்கம் திரும்புகிறவர், வலப்பக்கம் திரும்புகிறவர் என்று நான்கு பக்கத்திலிருந்தும் கோடு இழுங்கள். ஒரு வண்டியின் பாதை இன்னொரு வண்டியின் பாதையைத் தொடும் இடங்களை எண்ணினால் 32 வரும். சாலைப் பொறியாளர்கள் பாடமாகப் படிக்கிற கணக்கு இது. அதே சந்தியில் இரண்டு சாலைகளையும் ஒருவழியாக்கிவிட்டு மறுபடி எண்ணுங்கள். 5 தான் வரும். வண்டிகள் குறையவில்லை, சாலை அகலவில்லை. மோதக்கூடிய இடங்கள் மட்டும் 32இலிருந்து 5க்கு இறங்கிவிட்டன. ஆறாம் ஆண்டுப் பிள்ளைகளிடம் இதை வரையச் சொல்லிப் பாருங்கள். விளையாட்டாகவே செய்வார்கள், சந்தியைப் பற்றிய பயமும் மரியாதையும் தானாக வந்துவிடும்.

இந்தக் கணக்கில் ஒரு நிபந்தனை உண்டு. எல்லாரும் ஒரே திசையில் போனால்தான் 5. ஒரே ஒரு மோட்டார் சைக்கிள் எதிர்த்து வந்தாலும் கணக்கு கெட்டுவிடுகிறது. இருவழிச் சாலையில் எதிர்த்து வருவதைவிட இது மோசம். இருவழிச் சாலையில் ஓட்டுகிறவர், எதிரே வண்டி வரும் என்று எதிர்பார்த்தே ஓட்டுகிறார். ஒருவழிச் சாலையில் அவர் எதிர்பார்ப்பதில்லை. எதிர்பார்க்காத பக்கம் அவர் கண் போகாது.

இதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம், ஏனென்றால் நம்மவர்கள் அடிபடுவது பெரும்பாலும் இப்படித்தான். ஒரு கிளைச் சாலையிலிருந்து கார் ஒன்று, திண்டு கட்டிய பெரிய சாலையில் ஏற வருகிறது. இடப்பக்கம் மட்டுமே திரும்ப முடியும். அந்த ஓட்டுநர் எங்கே பார்ப்பார்? வலப்பக்கம். வண்டிகள் அங்கிருந்துதான் வரும். தலையை வலப்பக்கம் திருப்பியபடியே, இடைவெளி எப்போது கிடைக்கும் என்று காத்திருக்கிறார். இடைவெளி கிடைத்தவுடன், பார்வையை இன்னும் வலப்பக்கமே வைத்துக்கொண்டு வண்டியை இடப்பக்கம் விடுகிறார். அதே நேரத்தில் நம் ஆள் சாலை ஓரமாக, திண்டைத் தன் இடப்பக்கம் வைத்துக்கொண்டு, எதிர்த் திசையில் மெதுவாக வருகிறார். கார் ஓட்டுநருக்கு அவர் இடப்பக்கத்திலிருந்து வருகிறார். அந்தப் பக்கம் அவர் ஒருமுறைகூடப் பார்க்கவில்லை. பார்க்க வேண்டிய காரணமும் அவருக்கு இல்லை. நம் ஆளோ, 'கார்க்காரன் என்னைப் பார்த்துவிட்டான், நிற்கிறானே' என்று நினைத்துக்கொள்கிறார். கார் நின்றது அவருக்காக அன்று. இடைவெளிக்காக நின்றது.

"மெதுவாத்தானே போறேன் சார், ஓரமாத்தானே போறேன்" என்று என்னிடம் சொன்னவர்கள் பலர். மெதுவாகப் போவதும் ஓரமாகப் போவதும் நல்ல பழக்கங்கள்தான். ஆனால் எதிர்த் திசையில் போகும்போது அவை காப்பதில்லை. அந்த ஓரம்தான் கிளைச் சாலையிலிருந்து கார் மூக்கை நீட்டும் இடம். பேருந்து ஒதுங்கும் இடமும் அதுதான். பள்ளிப் பிள்ளைகள் பேருந்துக்கு நிற்பதும் அங்கேதான், அவர்கள் முகமும் பேருந்து வரும் பக்கம்தான் திரும்பியிருக்கும். எதிர்த்து வருகிற மோட்டார் சைக்கிள் அவர்கள் முதுகுப் பக்கத்திலிருந்து வருகிறது.

"அந்தக் கடை கண்ணுக்கு எதிர்லயே தெரியுது சார். சுத்திட்டு வந்தா ரெண்டு கட்டை தூரம்" என்பது இன்னொரு வாதம். நியாயமான வாதம்தான், அதை அலட்சியமாகத் தள்ளக்கூடாது. இந்தச் சாலைகளைப் போட்டவர்கள் காரை மனத்தில் வைத்துப் போட்டார்களே தவிர, தோட்டத்திலிருந்து மோட்டார் சைக்கிளில் அரிசி வாங்க வருகிறவரை மனத்தில் வைக்கவில்லை என்பது என் அபிப்பிராயம். யூ திருப்பம் வெகுதூரத்தில் இருக்கிறது. என்றாலும் கணக்கைப் போட்டுப் பார்ப்போம். திரும்பி வர 3 கிலோமீட்டர் கூடுதல் என்று வைத்துக்கொள்ளுங்கள். மணிக்கு 50 கிலோமீட்டர் வேகத்தில் அது நாலு நிமிடத்துக்கும் குறைவு. ஒரு லிட்டருக்கு 40 கிலோமீட்டர் ஓடும் கப்சாய்க்கு 75 மில்லிலிட்டர் பெட்ரோல் ஆகும். அரைக் கோப்பைத் தேநீர் அளவு.

மறுபக்கக் கணக்கு இது. நீங்கள் மணிக்கு 60 கிலோமீட்டர் வேகத்தில் போகிறீர்கள், உங்களுக்கு முன்னால் அதே திசையில் ஒருவர் 40 கிலோமீட்டரில் போகிறார், இடையே 100 மீட்டர். நீங்கள் அவரை எட்ட 18 விநாடி ஆகும். பிரேக் பிடிக்கவும், ஒதுங்கவும், ஹாரன் அடிக்கவும் தாராளமான நேரம். அவரே எதிர்த்து 60 கிலோமீட்டரில் வந்தால் இரண்டு வேகமும் கூடி 120 ஆகிறது. அதே 100 மீட்டர் மூன்றே விநாடியில் தீர்ந்துபோகும். எதிரே வருவது எதிர்த்து வருகிற வண்டிதான் என்று கண்ணும் மனமும் நம்பவே ஒன்றிரண்டு விநாடி போய்விடும். இரவானால் இன்னும் கடினம். விளக்கு மட்டும் தெரியும், அது திண்டுக்கு இந்தப் பக்கமா அந்தப் பக்கமா என்று புரியாது.

நம் நாட்டில் 2019இல் சாலை விபத்துகளில் இறந்தவர்கள் 6,167 பேர். 2022இலும் 6,000க்கு மேல். அவர்களில் பாதிக்கும் மேற்பட்டவர்கள் மோட்டார் சைக்கிளில் போனவர்கள். செய்தித்தாளில் வரும் எண் சாவை மட்டும் சொல்கிறது. காலும் கையும் போனவர்கள் அந்த எண்ணில் இல்லை. எனக்குத் தெரிந்த ஒரு தோட்டத்துப் பிள்ளையின் தகப்பனார் குலை வெட்டுகிறவர். திரும்பத் தூரம் என்று எதிர்த்துப் போனார், வேனில் மோதி இடுப்பெலும்பு முறிந்தது. இப்போது கோலூன்றி நடக்கிறார். குலை வெட்டுவது நிற்கிற வேலை, அண்ணாந்து பார்க்கிற வேலை, நீண்ட கழியைத் தூக்குகிற வேலை. அவரால் முடியாது. வேலை போனால் தோட்டத்து வீடும் கேள்விக்குறி என்பதை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. மூத்த பிள்ளை படிப்பை நிறுத்திவிட்டுத் தொழிற்சாலைக்குப் போகிறான்.

வேலைக்குப் போகும்போதோ வேலையிலிருந்து வீடு திரும்பும்போதோ வழியில் விபத்து நடந்தால் சொக்சோவில் உதவி கோர வழி உண்டு. 1969ஆம் ஆண்டுச் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தில் அதற்கு இடம் இருக்கிறது. ஆனால் வழக்கமான வழியை விட்டு வேறு காரியத்துக்காகத் திரும்பிப் போனபோது நடந்த விபத்து என்றால் சிக்கல் வரும். விபத்து நடந்த 24 மணி நேரத்துக்குள் காவல் நிலையத்தில் புகார் கொடுத்தாக வேண்டும், இதுவும் சட்டம். 'சின்ன அடிதானே' என்று புகார் கொடுக்காமல் விட்டு, மாதம் கழித்து வலி அதிகமாகி, கையில் ஒரு தாளும் இல்லாமல் நிற்கிறவர்கள் இருக்கிறார்கள்.

தண்டனையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். எதிர்த் திசையில் ஓட்டி மற்றவருக்கு ஆபத்து விளைவித்தால், 1987ஆம் ஆண்டுச் சாலைப் போக்குவரத்துச் சட்டத்தின் 42ஆம் பிரிவின்படி வழக்குப் போடலாம். 2020இல் இந்தச் சட்டத்தைத் திருத்தினார்கள். இப்போது அபராதம் 5,000 வெள்ளியிலிருந்து 15,000 வெள்ளி வரை, சிறை 5 ஆண்டு வரை. 2025இல் குறைந்தபட்ச மாதச் சம்பளம் 1,700 வெள்ளி என்று வைத்தார்கள். மிகக் குறைந்த அபராதமே ஏறக்குறைய மூன்று மாதச் சம்பளம்.

இனி அறிவிப்புப் பலகைகள். நம் வீட்டுப் பெரியவர்களில் சிலர் மலாய் நன்றாகப் பேசுவார்கள், படிக்க வராது. அதற்காகப் பலகை நமக்கு இல்லை என்று விட்டுவிடக்கூடாது. பலகையை எழுத்தைக் கொண்டு மட்டும் செய்யவில்லை. உருவமும் நிறமும் முதலில் பேசுகின்றன. சிவப்பு என்றால் தடை. நீல வட்டத்தில் வெள்ளை அம்பு என்றால் கட்டளை, இந்தப் பக்கம்தான் போக வேண்டும் என்று பொருள். மஞ்சள் நிறத்தில் சாய்சதுரம் என்றால் எச்சரிக்கை, முன்னால் ஏதோ இருக்கிறது. எட்டு மூலை கொண்ட சிவப்புப் பலகை ஒன்றே ஒன்றுதான், அது 'பெர்ஹெந்தி', நில். தலைகீழாக நிற்கும் முக்கோணமும் ஒன்றுதான், அது 'பெரி லாலுவான்', வழிவிடு. இந்த இரண்டுக்கும் வேறு எதற்கும் இல்லாத உருவம் கொடுத்ததற்குக் காரணம் உண்டு. புழுதி படிந்து எழுத்து மறைந்தாலும், பின்பக்கத்திலிருந்து பார்த்தாலும் உருவம் தெரியும்.

ஒருவழிச் சாலைக்கு மிக வேண்டிய பலகை, சிவப்பு வட்டத்தின் நடுவே படுத்த வெள்ளைக் கோடு. நுழையாதே என்பது பொருள். எழுத்தே இல்லாமலும் இருக்கும். இதைப் பார்க்கும்போது ஒரு கதவுக்குக் குறுக்கே தாழ்ப்பாள் போட்டதுபோல் நினைத்துக்கொள்ளச் சொல்லிப் பிள்ளைகளுக்குக் கற்பிக்கிறேன். ஒருவழிச் சாலையின் ஒரு முனையில் அம்புக்குறியும் 'ஜாலான் செஹாலா' என்ற சொல்லும் இருக்கும். மறு முனையில் இந்தத் தாழ்ப்பாள் இருக்கும். இரண்டும் ஒரே சாலையைப் பற்றித்தான் பேசுகின்றன. பலகைக்குக் கீழே சிறிய பலகை தொங்கினால் அதையும் படியுங்கள். 'கெச்சுவாலி பாஸ்' என்றால் பேருந்தைத் தவிர மற்றவருக்குத் தடை. நேரம் எழுதியிருந்தால் அந்த நேரத்துக்கு மட்டும் தடை.

மஞ்சள் சாய்சதுரத்தில் ஒன்றையொன்று எதிர்த்துப் போகும் இரண்டு அம்புகள் வரைந்திருந்தால், ஒருவழி முடிந்து இருவழி தொடங்குகிறது என்று பொருள். இதைக் கவனிக்காமல் விடுபவர்கள் அதிகம். அதுவரை சாலை முழுதும் நமதாக இருந்தது. அந்தப் பலகைக்குப் பிறகு வலப்பாதி இன்னொருவருடையது. முந்திச் செல்லும் ஆசையில் வலப்பக்கம் இருந்தவர் உடனே இடப்பக்கம் வந்துவிட வேண்டும்.

'ஜாலான் மாத்தி' என்ற பலகையைக் கண்டு, சுடுகாட்டுக்குப் போகும் சாலை என்று நினைத்துத் திரும்பி வந்த ஒரு பாட்டியம்மாவின் கதை எங்கள் பக்கத்தில் பிரசித்தம். மாத்தி என்றால் செத்தது என்பது உண்மைதான். சாலை அதற்கு மேல் போகாது, முட்டுச் சந்து என்பதுதான் பொருள். 'மாசோக்' நுழைவு, 'கெலுவார்' வெளியேறு. பெட்ரோல் நிலையத்திலும் மருத்துவமனை வாகன நிறுத்தத்திலும் இந்த இரண்டு சொற்களும் இருக்கும். 'கெலுவார்' வழியாக உள்ளே நுழைவதும் எதிர்த்துப் போவதுதான், தூரம் சிறிது என்றாலும்.

பலகையே கண்ணில் படவில்லை, மரக்கிளை மறைத்துவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்போதும் சாலை சொல்லும். தரையில் வரைந்த அம்பின் கூர் நம்மை நோக்கி இருந்தால் நாம் தவறான பக்கம். இரு பக்கமும் நிறுத்தியிருக்கும் கார்களின் முகமெல்லாம் நம்மைப் பார்த்து இருந்தால் சந்தேகப்பட வேண்டும். எல்லாவற்றையும்விடத் தெளிவான அடையாளம் ஒன்று உண்டு: வழியெங்கும் பலகைகளின் பின்புறம் மட்டும், வெறும் சாம்பல் நிறத் தகடாகத் தெரிகிறதா? பலகைகள் நமக்கு முதுகைக் காட்டினால், அவை எதிர்ப்பக்கம் இருந்து வருகிறவர்களோடு பேசுகின்றன. நாம் வரக்கூடாத வழியில் வந்திருக்கிறோம்.

வட்டச் சந்தியும் ஒருவழிதான். மலாயில் 'புலாத்தான்'. கடிகார முள் சுற்றும் திசையில் சுற்ற வேண்டும். உள்ளே ஏற்கெனவே சுற்றிக்கொண்டு வலப்பக்கமிருந்து வருகிறவருக்கு வழிவிட்டு நுழைய வேண்டும். போக வேண்டிய கிளை வலக்கைப் பக்கம் பக்கத்திலேயே தெரிந்தாலும் சுற்றித்தான் போக வேண்டும்.

வண்டி ஓட்டாமல் நடந்து போகிறவர்களுக்கும் ஒரு சங்கதி இருக்கிறது. சாலையைக் கடக்குமுன் வலப்பக்கம் பார், இடப்பக்கம் பார், மறுபடி வலப்பக்கம் பார் என்று பள்ளியில் சொல்லிக் கொடுக்கிறோம். இருவழிச் சாலைக்கு அது சரி, பக்கத்துப் பாதியில் வண்டிகள் வலப்பக்கமிருந்து வருகின்றன. ஜார்ஜ் டவுன் ஒருவழித் தெருவில் நீங்கள் நிற்கும் பக்கத்தைப் பொறுத்து எல்லா வண்டிகளும் இடப்பக்கமிருந்தே வரலாம், காலடியில் இருக்கும் பாதையிலும்கூட. பழக்கத்தில் வலப்பக்கம் பார்த்துவிட்டுக் காலை இறக்கினால் ஆபத்து. முதலில் வண்டிகள் எந்தப் பக்கம் ஓடுகின்றன என்று பார்க்க வேண்டும். பிறகு அந்தப் பக்கம் பார்க்க வேண்டும். எதிர்த்து வருகிற முரடர்கள் இருக்கும்வரை மறுபக்கமும் பார்க்கத்தான் வேண்டும். திண்டு கட்டிய சாலையைக் கடப்பவர்கள் இரண்டு சாலையைக் கடப்பதாக நினைத்து, திண்டில் ஏறி நின்று, மூச்சு விட்டு, புதிதாகப் பார்க்க வேண்டும்.

உரிமம் பற்றிச் சுருக்கமாக. மோட்டார் சைக்கிளுக்கு 16 வயது, காருக்கு 17 வயது ஆக வேண்டும். எழுத்துத் தேர்வில் 50 கேள்விகள். 42க்குச் சரியாக விடை சொன்னால் தேர்ச்சி. அந்தத் தேர்வைத் தமிழிலும் எழுதலாம் என்பது பலருக்குத் தெரியாது. மலாய் வராது என்று உரிமம் எடுக்காமலே இருபது ஆண்டு ஓட்டிக்கொண்டிருப்பவர்கள் தயவுசெய்து இதைக் கவனிக்க வேண்டும். பன்னிரண்டு வயதுப் பையனிடம் சாவியைக் கொடுத்து, "மெயின் ரோட்டுக்குப் போகாதடா" என்று சொல்லி அனுப்பும் தகப்பன்மார்களும் கவனிக்க வேண்டும். கடை மெயின் ரோட்டில்தான் இருக்கிறது. பையன் போவான்.

1973லிருந்து தலைக்கவசமும், 1992லிருந்து பகலிலும் முன்விளக்கு எரிவதும் மோட்டார் சைக்கிளுக்குக் கட்டாயம். பகலில் விளக்கு எதற்கு என்று கேட்கிறவர்களுக்கு, அது நாம் சாலையைப் பார்க்க அன்று, மற்றவர் நம்மைப் பார்க்க.

கடைசியாக, தெரியாமல் எதிர்த் திசையில் நுழைந்துவிட்டால் என்ன செய்வது என்று சொல்லி முடிக்கிறேன். நகரத் தெருவானால் உடனே ஓரத்தில் நிறுத்துங்கள். மோட்டார் சைக்கிளை விட்டு இறங்கி, இயந்திரத்தை அணைத்து, நடைபாதையில் ஏற்றித் தள்ளிக்கொண்டு வந்த வழியே திரும்புங்கள். வெட்கம் ஒன்றும் இல்லை. நெடுஞ்சாலையானால் அங்கேயே வளைத்துத் திரும்ப முயலக்கூடாது. மூன்று பாதையையும் குறுக்கே அடைத்து நிற்கும் வண்டியைவிட ஆபத்தானது வேறில்லை. அருகில் உள்ள ஓரத்தில் ஒதுங்கி, எல்லா விளக்கையும் எரியவிட்டு, வண்டியை விட்டு இறங்கி இரும்புத் தடுப்புக்கு அப்பால் போய் நின்று, 999ஐ அழைக்க வேண்டும்.

நாம் சரியான பக்கம் போகும்போது எதிர்த்து ஒருவர் வந்தால்? இரண்டு வகையான ஆள் உண்டு. பெரிய சாலையில் வழி தவறி நுழைந்த கார்க்காரர், தான் இருவழிச் சாலையில் இருப்பதாக நினைத்துத் தன் இடப்பக்கத்தைப் பிடித்துக்கொண்டு வருவார். அவருடைய இடப்பக்கம் நமக்கு வலப்பக்கம், திண்டை ஒட்டிய வேகப் பாதை. ஆகவே இரவில் வேலையில்லாமல் அந்தப் பாதையில் ஓட வேண்டாம், இடப்பாதையே நல்லது. குறுக்கு வழிக்காகத் தெரிந்தே எதிர்த்து வரும் மோட்டார் சைக்கிள்காரர் ஓரமாக வருவார், அது நம் இடப்பக்கம். அவரைக் கண்டால் வேகத்தைக் குறையுங்கள், ஹாரன் அடியுங்கள், விளக்கை விட்டுவிட்டு எரியுங்கள். வலப்பக்கம் சட்டென்று வெட்டி ஒதுங்க வேண்டாம். பின்னால் வருகிற லாரி உங்கள்மேல் ஏறும். வேகத்தைக் குறைத்தபடியே, உங்கள் பாதையிலேயே நேராக இருந்து, அவர் கடந்துபோகும்வரை நில்லுங்கள். அவரைப் பார்த்து இரண்டு வார்த்தை திட்டத் தோன்றும். வண்டி நின்ற பிறகு திட்டிக்கொள்ளலாம்.